ஜூலை மாதத்தில் வந்த சர்வே

மாலாட் ஸ்டேஷனில் மேற்குப் பக்கம் இறங்கி மார்வே ஜெட்டிக்கு வந்தால், அங்கிருந்து படகில் பத்து நிமிடத்துக்குள் மனோரி. பைக்கோடு ஏறலாம், அரிசி மூட்டையோடு ஏறலாம். இதே இடத்துக்கு ரோடு வழியாக வர நினைத்தால் தஹிசர், பாயந்தர், உத்தன், கோராய் என்று பெரிய சுற்று, டிராஃபிக் நல்லபடியாக இருந்தாலே ஒன்றரை மணி நேரம் போய்விடும். இத்தனைக்கும் மனோரி மும்பை மாநகராட்சி எல்லைக்குள்தான் இருக்கிறது. மனோரி, கோராய், உத்தன் மூன்றும் சேர்ந்த இந்த நிலத்துண்டுக்குத் தாராவி பேட் என்று ஒரு பெயர் உண்டு, அதாவது தாராவித் தீவு. நம் ஆட்கள் இருக்கிற தாராவி வேறு, இது வேறு. தொண்ணூறடி ரோட்டில் இருக்கிற என் சித்தியிடம் சொன்னபோது, அப்படி ஒரு இடம் இருப்பதையே அவர் நம்பவில்லை.

2016-ல் இங்கே ஒரு மீனவப் பாடாவுக்குக் குடிவந்தோம். பாடா என்றால் நம் ஊர்க் குப்பம் மாதிரி, பெரிய கிராமத்துக்குள் ஒரு சின்னக் குடியிருப்பு. எந்தப் பாடா என்று எழுதவில்லை, எங்கள் மனு இன்னும் நிலுவையில் இருக்கிறது. என் வீட்டுக்காரர் படகு எஞ்சின் மெக்கானிக், குமரி மாவட்டக் கடற்கரைக்காரர். மத், மார்வே, மனோரி, கோராய் என்று எல்லாப் பக்கமும் வேலை இருந்ததால் நடுவில் ஒரு இடம் பார்த்தார். நான் பிறந்து வளர்ந்தது சயான் கோலிவாடா. சின்னக் கடைகளுக்குக் கணக்கு எழுதி ஜிஎஸ்டி தாக்கல் செய்து கொடுப்பது என் தொழில். கோலிவாடா என்றால் கோலி மீனவர்களின் குடியிருப்பு என்று பொருள். எங்கள் தெருவிலிருந்து கடல் தெரியாது, கோலிவாடா என்று இருந்த ரயில்வே ஸ்டேஷன்கூட குரு தேக் பகதூர் நகர் ஆகிவிட்டது. கல்யாணம் வரைக்கும் அந்தப் பெயருள்ள இடத்திலேயே இருந்தும், கோலிகள் யார், அவர்களுடைய கடல் எங்கே போனது என்று நான் ஒரு நாள்கூடக் கேட்டதில்லை. அது இப்போது உறுத்துகிறது.

மும்பையில் இருக்கிற நம்மவர்கள் என்னிடம் கேட்பது பெரும்பாலும் இரண்டு கேள்விதான். அங்கே வாடகை குறைவாமே, குடிவரலாமா? பீச் பக்கம் மனை போட்டு விற்கிறார்களாமே, வாங்கலாமா? இரண்டுக்கும் தெரிந்ததைச் சொல்கிறேன். ஆனால் நான் எழுத உட்கார்ந்தது வேறொன்றுக்காக. இந்த மாதிரிக் கரைகளில் ஜனங்கள் தலைமுறை தலைமுறையாகப் பிழைக்கிற இடத்துக்குக் காகிதம் இருக்காது. காகிதம் இல்லாத இடம், அளக்க வருகிறவர் கண்ணுக்குக் காலி இடம். இது எங்கள் பாடாவிலேயே நடந்தது.

முதலில் இங்கே இருக்கிற வாழ்க்கையைச் சொல்லிவிடுகிறேன், அது தெரியாமல் மற்றது விளங்காது. இங்கே கடிகாரத்தைவிட ஓதம்தான், அதாவது கடல் தண்ணீர் ஏறி வடிகிற நேரம்தான் பெரிது. குமரிக் கரையில் தண்ணீர் ஒரு மீட்டர் ஏறி இறங்கினாலே அதிகம். மும்பையில் அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி நாலரை மீட்டருக்கு மேல் ஏறும், ஆறு மணி நேரத்தில் அத்தனையும் வடிந்துவிடும். அந்த நாட்களுக்குக் கோலிகள் உதாண் என்பார்கள், ஓட்டம் குறைவான அஷ்டமி பக்க நாட்களுக்கு பாங் என்பார்கள். இன்றைக்குப் பத்து மணிக்குத் தண்ணீர் ஏறினால் நாளைக்குக் கிட்டத்தட்ட பத்தே முக்கால், பத்து ஐம்பது ஆகும். படகில் ஏறும்போது சேற்றில் கால் வைக்க வேண்டுமா வேண்டாமா என்பதிலிருந்து, டோல் வலையை எப்போது தூக்குவது என்பது வரை எல்லாம் இந்தக் கணக்குதான். டோல் வலை என்பது கடலடியில் அடித்த கம்பங்களில் கட்டி வைக்கிற பெரிய பை வலை. ஓட்டம் தானாக மீனைக் கொண்டுவந்து உள்ளே தள்ளும், ஓட்டம் நிற்கிற அந்தக் கொஞ்ச நேரத்தில் போய்த் தூக்க வேண்டும், நேரம் தப்பினால் மீன் போச்சு.

என் மாமியார் முதல் தடவை ஊரிலிருந்து வந்தபோது, காலையில் வாசலில் நின்று பார்த்த கடல் மத்தியானம் அங்கே இல்லை. வெறும் சேறு, அதில் படகுகள் ஒருக்களித்துக் கிடந்தன. அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, "வா மக்களே, மேட்டுக்குப் போவோம், பிள்ளைய எடு" என்று இழுத்தார். 2004 டிசம்பர் 26-ஐக் குமரிக் கரையில் நின்று பார்த்தவர் அவர். கடல் உள்வாங்கினால் ஓட வேண்டும் என்பது அவர் உடம்பில் ஏறிப்போயிருக்கிறது. இங்கே தினமும் இரண்டு தடவை இப்படித்தான் என்று புரியவைக்க எனக்கு ஒரு வாரம் ஆனது, அதற்கப்புறமும் பௌர்ணமியன்று அவர் வாசல் பக்கம் வரமாட்டார்.

அந்த பயத்தைத் தீர்த்தது நான் இல்லை, பக்கத்து வீட்டு மாவ்ஷி. மாவ்ஷி என்றால் மராத்தியில் சித்தி, பெரியம்மா. அறுபது வயதைத் தாண்டிய கோலிப் பெண், பச்சை நவ்வாரியை, அதாவது ஒன்பது கஜப் புடவையை, இறுக்கிக் கட்டிக்கொண்டு விடியும் முன்பே மீன் காயவைக்கிற களத்துக்குப் போய்விடுவார். மாமியாருக்கு மராத்தி தெரியாது, மாவ்ஷிக்குத் தமிழ் தெரியாது. மாவ்ஷி ஒரு கூடை போம்பிலைக் கொண்டுவந்து முன்னால் கொட்டினார். போம்பில் நம் பக்கத்து மீன் மாதிரி இருக்காது, கையில் எடுத்தால் வழுக்கிக்கொண்டு ஜவ்வு மாதிரித் தொங்கும், பாதிக்கு மேல் தண்ணீர்தான். மாவ்ஷி இரண்டு மீனை எடுத்து, ஒன்றின் வாயை இன்னொன்றின் வாய்க்குள் கோர்த்தார். சின்னச் சின்னக் கூர்ப்பல் என்பதால் தாடையும் தாடையும் பிடித்துக்கொண்டன. அந்த ஜோடியை மூங்கில் பந்தலில் கட்டிய கயிற்றின் மேல் இந்தப் பக்கம் ஒன்று அந்தப் பக்கம் ஒன்றாகத் தொங்கவிட்டார். ஊசி இல்லை, நூல் இல்லை, காற்றில் ஆடினாலும் விழவில்லை. மாமியார் சிரித்தே விட்டார். "ரெண்டும் ஒண்ணையொண்ணு கடிச்சுட்டே காயுது பாரு" என்றார். நான்காம் நாள் அவரும் களத்தில் உட்கார்ந்து மாவ்ஷியின் வேகத்துக்குக் கோர்த்துக்கொண்டிருந்தார். ஜவ்ளா என்று அவர்கள் காயவைப்பது நம் கூனிதான், பார்த்த உடனே தேங்காய் போட்டுக் கூனிப்பொடி இடித்துக் கொடுத்தார், அது பாடா முழுக்கப் போனது. என்னை எல்லோரும் தாயி என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். மராத்தியில் அது அக்கா. நம் தெற்குப் பக்கத்தில் பெரியவர்கள் சின்னப் பெண்களை ஆசையாகத் தாயி என்று கூப்பிடுவார்களே, அது நினைவுக்கு வந்து முதல் நாள் எனக்குக் கண் கலங்கியது.

குடிவர நினைக்கிறவர்களுக்கு: வாடகை குறைவு என்பது உண்மை, ஆனால் மிச்சப்படுகிற காசில் பாதி போக்குவரத்திலும் சாமான்களை முன்கூட்டியே வாங்கி வைப்பதிலும் போகும். ஓதப் பட்டியலை போனில் வைத்துக்கொள்ளுங்கள். கடைசிப் படகு எத்தனை மணிக்கு என்று தினமும் கேளுங்கள், மழைக்காலத்தில் காற்று பலமாக இருந்தால் நிறுத்திவிடுவார்கள். சிலிண்டர் ஒன்று எப்போதும் கூடுதலாக இருக்கட்டும். சர்க்கரை, பிரஷர் மாத்திரை ஒரு மாதத்துக்கு முன்கூட்டியே வாங்கி வைக்க வேண்டும். வாடகை ஒப்பந்தம் லீவ் அண்ட் லைசென்ஸாகப் பதிவு செய்தே ஆக வேண்டும், வாய்ப்பேச்சில் விடாதீர்கள், ஆதார் முகவரி மாற்றவும் பள்ளிக்கூடத்துக்கும் அதுதான் கேட்பார்கள்.

மாத்திரையைப் பற்றிச் சொன்னேன் அல்லவா. 2018-ல் ஒரு ராத்திரி மாமியாருக்கு நெஞ்சு அடைத்துக்கொண்டு மூச்சு வாங்கியது. கடைசிப் படகு போய்விட்டது. தண்ணீர் முழுக்க வடிந்திருந்ததால் மீன்பிடிப் படகையும் இறக்க முடியாது, சேற்றில் முழங்கால் வரை புதையும். பாடாவில் ஒருவரின் டெம்போவில் படுக்கவைத்து உத்தன் வழியாகப் பாயந்தர் போனோம். மாவ்ஷியின் மகன் ஓட்டினான், மாவ்ஷி வழி முழுக்க அவர் பாதத்தைத் தேய்த்துக்கொண்டே வந்தார். ஒரு மணி நேரம் ஆனது. பிழைத்துவிட்டார். அன்றிலிருந்து யாராவது, ஆஹா எவ்வளவு அமைதியான கிராமம், எந்த வசதியும் வராமல் இப்படியே இருக்கட்டும் என்று சொன்னால் எனக்கு ஆத்திரம் வருகிறது. ரோடு வேண்டும். ராத்திரியில் ஆம்புலன்ஸ் வேண்டும். குழாயில் தண்ணீர் வேண்டும், ஐஸ் பிளாண்ட் வேண்டும், பெண்கள் கருவாட்டை மழையிலிருந்து காப்பாற்ற ஒரு கொட்டகை வேண்டும். இங்கே யாரும் இதை வேண்டாம் என்று சொல்லவில்லை. இவர்கள் கேட்டது வருவதற்கு முன்னால் கேட்காதது வருகிறது, அதுதான் பிரச்சினை.

கேட்காதது வருவதும் புதிதில்லை. 1989-லேயே கோராயில் எஸ்ஸெல்வேர்ல்டு என்ற பொழுதுபோக்குப் பூங்கா வந்தது, மும்பையில் வளர்ந்த நாங்கள் எல்லோரும் பள்ளிக்கூடத்திலிருந்து படகில் போயிருக்கிறோம், 2022-ல் மூடிவிட்டார்கள். 2009-ல் அதன் பக்கத்தில் விபாசனா தியானத்துக்கான பகோடா திறந்தார்கள், அந்தத் தங்க நிறக் கோபுரம் பல மைல் தூரத்துக்குத் தெரியும். இரண்டும் வந்ததற்கு இடைப்பட்ட காலத்தில் இந்தப் பகுதி முழுவதையும் சுற்றுலாவுக்கான சிறப்பு மண்டலமாக்கும் திட்டம் ஒன்று பேசப்பட்டு, கிராமத்தார் கூடி எதிர்த்து அது நின்றுபோனது. அந்தக் கூட்டங்களை மாவ்ஷி இன்றைக்கும் சொல்லுவார். இப்போது மனோரியில் கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலை வரப்போகிறது, முதலில் நாளொன்றுக்கு 20 கோடி லிட்டர், பிறகு 40 கோடி என்று திட்டம்.

இது நமக்குத் தெரிந்த கதைதான். சென்னைக்கு மீஞ்சூரில் 2010-லும் நெம்மேலியில் 2013-லும் தலா 10 கோடி லிட்டர் ஆலை வந்தது, நெம்மேலியில் 2024-ல் இன்னொரு 15 கோடி. சென்னையில் கோடையைத் தாண்டியவர்களுக்கு அதன் அருமை தெரியும், நான் அதைக் குறைத்துப் பேசமாட்டேன். ஆனால் இரண்டு லிட்டர் கடல்நீரை உறிஞ்சினால் ஒரு லிட்டருக்கும் குறைவாகத்தான் நல்ல தண்ணீர் கிடைக்கும், மிச்சம் கிட்டத்தட்ட இரண்டு மடங்கு உப்போடு கடலுக்கே திரும்பும். நெம்மேலிக்குப் பக்கத்தில் சூளேரிக்காட்டுக்குப்பத்து மீனவர்கள் ஆலை வந்த பிறகு கரை அரிக்கிறது என்று சொல்லிக்கொண்டே இருந்தார்கள். நான் இதை மாவ்ஷிகளிடம் சொன்னபோது அவர்கள் கேட்ட கேள்வி ஒன்றுதான்: அந்த உப்புத் தண்ணீரை எந்த இடத்தில், ஓதம் எந்தப் பக்கம் ஓடும்போது விடுவார்கள்? படித்தவர்கள் யாரும் அதுவரை என்னிடம் கேட்காத கேள்வி அது.

சரி, சர்வேக்கு வருகிறேன். இது மேலே சொன்ன ஆலை சம்பந்தப்பட்டது இல்லை, வேறொரு சின்ன வேலை, யாருடையது என்பது இங்கே முக்கியமில்லை. 2022 ஜூலையில் மூன்று பேர் கருவியோடு வந்து அளந்துவிட்டுப் போனார்கள். நல்ல மழை. யாரும் எதுவும் கேட்கவில்லை, அவர்களும் எதுவும் சொல்லவில்லை. சில மாதம் கழித்து ஒரு வரைபடத்தின் நகல் பாடாவுக்கு வந்தது. கருவாட்டுக் களம் இருந்த இடத்தில் மராத்தியில் மோக்ளி ஜாகா என்று எழுதியிருந்தது. காலி இடம். மாவ்ஷிக்குப் படிக்கத் தெரியாது, அவருடைய பேத்தி படித்துக் காட்டினாள். மாவ்ஷி அந்தத் தாளை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "என் மாமியார் மூங்கில் நட்ட இடம், காலியா?" என்று என்னைக் கேட்டார். நான் எழுதினதுபோல என்னைக் கேட்டார்.

பொய் எழுதியிருக்கிறார்கள் என்றுதான் முதலில் எல்லோரும் கத்தினோம். உட்கார்ந்து யோசித்தபோதுதான் விளங்கியது. மேற்குக் கரையில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை மீன்பிடித் தடைக்காலம். நம் கிழக்குக் கரையில் அது ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, இரண்டும் வேறு வேறு. தடைக்காலத்தில் இங்கே மூங்கிலைப் பிடுங்கிக் கூரைக்குக் கீழே அடுக்கிவிடுவார்கள், இல்லாவிட்டால் மழையில் மக்கிவிடும். நாரளி பௌர்ணமி அன்றைக்குக் கடலுக்குத் தேங்காய் விட்டு, அதற்குப் பிறகு மழை ஓய்ந்ததும்தான் திரும்ப நடுவார்கள். நம் ஆவணி அவிட்டமும் அதே பௌர்ணமிதான். ஆக, வருடத்தில் எட்டு மாதம் நடக்க இடமில்லாமல் மீன் தொங்குகிற களத்தை, அது வெறும் புல்தரையாக இருக்கிற மாதத்தில் வந்து அளந்திருக்கிறார்கள். அளந்தவர் கண்ணுக்கு அது காலி. வருவாய்ப் பதிவேட்டிலும் அந்த இடம் யார் பெயரிலும் இல்லை, நம் ஊரில் புறம்போக்கு என்போமே, அப்படி.

இதில் எனக்குத் தெரிந்த வேலை ஒன்றே ஒன்றுதான், கணக்கு எழுதுவது. அதையே செய்தோம். அதில் செய்த தவறுகளையும் சொல்கிறேன், வேறு கரைகளில் இருக்கிறவர்களுக்கு உதவும்.

முதல் மனுவை நான் இங்கிலீஷில் எழுதினேன், அழகாகத்தான் எழுதினேன். கையெழுத்துப் போட வந்த பெண்களில் ஒருவருக்கும் அதில் என்ன இருக்கிறது என்று தெரியாது. அலுவலகத்தில் ஒருவர் மாவ்ஷியிடம், இதில் என்ன கேட்டிருக்கிறீர்கள் என்று மராத்தியில் கேட்டபோது அவர் என் முகத்தைப் பார்த்தார். அன்றைக்கு அந்த மனுவுக்கு இருந்த பலம் போய்விட்டது. இரண்டாவது மனுவை மாவ்ஷி வாயால் சொல்ல, பேத்தி மராத்தியில் எழுதினாள், நான் எண்களை மட்டும் சரிபார்த்தேன். வெளியிலிருந்து வந்த நமக்கு அந்த எல்லை தெரிந்திருக்க வேண்டும். ஒரு கூட்டத்தில் ஒருவர் என்னைப் பார்த்து, "இவங்க மதராஸி, இவங்களுக்கு இங்க என்ன?" என்று கேட்டார். கோபம் வந்தது, ஆனால் கேள்வி நியாயம்தான். அதிலிருந்து நான் எந்தக் கூட்டத்திலும் முன்வரிசையில் உட்காருவதில்லை.

அடுத்த தவறு பட்டியல். மீனவர் சங்கத்தின் உறுப்பினர் பட்டியலை அப்படியே மனுவோடு இணைத்தோம். சங்கத்தில் இருப்பது படகுக்காரர்கள், எல்லாம் ஆண்கள். களத்தில் வேலை செய்கிற பெண்களில் ஒருவர் பெயர்கூட அதில் இல்லை. களத்தைப் பற்றிய மனுவில் களத்துக்காரர்கள் பெயரே இல்லாமல் கொடுத்திருக்கிறோம்! அப்புறம் வீடு வீடாகப் போய்ப் பெண்கள் பெயர், வயது, எத்தனை வருடமாகக் காயவைக்கிறார், எத்தனை பந்தல், மாமியாரிடமிருந்து வந்ததா அம்மாவிடமிருந்து வந்ததா என்று எழுதினோம். 57 பெண்கள், 41 பந்தல். சிலருக்குத் தன் பெயரைச் சொல்லவே வெட்கம், இன்னாருடைய மனைவி என்றுதான் சொன்னார்கள். மத்திய அரசின் மீன்வள டிஜிட்டல் தளம் 2024-ல் வந்த பிறகு படகு இல்லாதவர்களும், விற்கிறவர்கள், பதப்படுத்துகிறவர்களும் தங்கள் பெயரைத் தொழிலோடு பதிவு செய்துகொள்ளலாம். சேவை மையத்தில் ஆதாரும் பேங்க் பாஸ்புக்கும் கொண்டுபோனால் போதும் என்றார்கள். எங்கள் பெண்களில் பாதிப் பேருக்கு ஆகிவிட்டது. உங்கள் கரையில் செய்யவில்லை என்றால் இன்றைக்கே ஆரம்பியுங்கள், பெண்களை முதலில் அழைத்துப் போங்கள்.

அளப்பதற்கு ஆள் தேவையில்லை. நைலான் கயிற்றில் மீட்டருக்கு ஒரு முடிச்சுப் போட்டு, இரண்டு பெண்கள் இரண்டு முனையைப் பிடித்துக்கொண்டு களத்தைச் சுற்றி வந்தார்கள், பேத்தி சார்ட் பேப்பரில் வரைந்தாள். பந்தல், ஜவ்ளா பரப்புகிற தரை, வலை தைக்கிற மரத்தடி, படகு ஏற்றுகிற சரிவு, அம்மன் கல், கிணறு எல்லாம் அதில் வந்தது. அதோடு, தேதியும் இடமும் படத்திலேயே பதிகிற கேமரா ஆப் ஒன்றைப் போட்டு மாதம் ஒருமுறை ஒரே இடத்தில் நின்று படம் எடுத்தோம். பழைய ஆதாரம் வேண்டுமே என்று தவித்தபோது என் வீட்டுக்காரர்தான் வழி சொன்னார். கம்ப்யூட்டரில் கூகுள் எர்த் ப்ரோவை இலவசமாகப் போட்டால் பழைய வருடங்களின் செயற்கைக்கோள் படங்களைத் தேதியோடு பார்க்கலாம். மழைக்கால மாதங்களை ஒதுக்கிவிட்டு டிசம்பர், ஜனவரி, பிப்ரவரிப் படங்களை எடுத்தோம். மேலிருந்து பார்த்தால் எங்கள் பந்தல்கள் சீப்புப் பல் மாதிரி வரிசையாகத் தெரிகின்றன, பத்து வருடத்துக்கு முந்தைய படத்திலும் அதே இடத்தில் தெரிகின்றன. மாவ்ஷி திரையில் விரலை வைத்து, இது என்னுடையது, இது செத்துப்போன என் நாத்தனாருடையது என்று ஒவ்வொன்றாகக் காட்டினார்.

சட்டத்தில் இதற்கு இடம் இருக்கிறது, அது தெரியாமல்தான் நிறையப் பேர் இரக்கம் கேட்டு மனு எழுதுகிறார்கள். 2011 ஜனவரி 6-ல் வந்த கடலோர ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கையிலேயே, மும்பையின் கோலிவாடாக்களை அடையாளம் கண்டு வரைபடத்தில் குறிக்க வேண்டும் என்று தனியாக இருக்கிறது. 2019 ஜனவரியில் வெளியான புதிய அறிவிக்கையிலும், கடலோர மேலாண்மைத் திட்ட வரைபடத்தில் மீனவக் கிராமங்கள், மீனவர்களின் பொதுச் சொத்துகள், இறங்குதுறை, ஐஸ் பிளாண்ட், மீன் காயவைக்கும் இடங்கள் எல்லாம் காட்டப்பட வேண்டும் என்று இருக்கிறது. மீன் காயவைக்கும் இடம் என்ற வார்த்தையே இருக்கிறது! அந்த வரியை மராத்தியில் எழுதி மனுவின் முதல் பத்தியில் போட்டோம். தமிழ்நாட்டுக் கரைக்கும் இதே அறிவிக்கைதான். உங்கள் ஊர் வரைபடத்தில் உங்கள் களமும் வலைத் தரையும் இருக்கிறதா என்று ஒரு தடவை பார்த்துவிடுங்கள், இல்லை என்றால் வேலை வருவதற்கு முன்பே எழுதிக் கொடுங்கள், வந்த பிறகு எழுதினால் தடுக்கிறவர்கள் என்ற பெயர்தான் கிடைக்கும்.

மனுவின் இரண்டாவது நகலில், மனு வந்து சேர்ந்ததற்கான இன்வர்ட் நம்பரும் முத்திரையும் தேதியும் வாங்காமல் அலுவலகத்தை விட்டு வெளியே வராதீர்கள். ஒரு தடவை சாயங்காலம் கடைசிப் படகைப் பிடிக்கிற அவசரத்தில் நாங்கள் அப்படியே வந்துவிட்டோம், மூன்று மாதம் கழித்து அப்படி ஒரு காகிதமே வரவில்லை என்றார்கள். பதில் வரவில்லை என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேளுங்கள், 30 நாளில் பதில் சொல்லியாக வேண்டும். என்னவாயிற்று என்று பொதுவாகக் கேட்டால் பதிலும் பொதுவாகவே வரும். இந்த எண்ணுள்ள மனு எந்த மேசையில், எந்தத் தேதியிலிருந்து இருக்கிறது என்று கேட்க வேண்டும்.

எண்ணில் பேசுவது எவ்வளவு முக்கியம் என்பதற்கு வொர்லி கோலிவாடாவைப் பாருங்கள். மும்பையில் கடலை ஒட்டி கோஸ்டல் ரோடு கட்டும்போது அவர்கள் படகு போகிற வழியில் தூண்களுக்கு நடுவே 60 மீட்டர் இடைவெளி என்று திட்டம் போட்டிருந்தார்கள். காற்றும் ஓட்டமும் ஒன்றாக அடிக்கும்போது இது போதாது, 200 மீட்டர் வேண்டும் என்று மீனவர்கள் நின்றார்கள், கடலில் படகை நிறுத்தி மறித்தார்கள். 2022 முடிவில் ஒரு தூணை விட்டுவிட்டு 120 மீட்டர் என்று மாற்றினார்கள். கேட்டது முழுக்கக் கிடைக்கவில்லை. ஆனால் அத்தனை பெரிய திட்டத்தில் ஒரு தூண் நகர்ந்திருக்கிறது. அந்தப் பகுதி திறந்த பிறகு அதில் காரில் போன என் அண்ணனிடம் அந்த இடைவெளியைக் காட்டச் சொல்லி வீடியோ வாங்கி மாவ்ஷிகளுக்குப் போட்டுக் காட்டினேன். திரும்பத் திரும்பப் போடச் சொன்னார்கள்.

மனை வாங்குகிற விஷயத்துக்கு என் பதில்: அவசரப்படாதீர்கள். ஞாயிற்றுக்கிழமை பீச்சுக்கு வருகிறவர்களிடம் ஸ்டாம்ப் பேப்பரில் எழுதிக் கொடுத்து முன்பணம் வாங்குகிறவர்களை நானே பார்த்திருக்கிறேன். நம் ஊரில் பட்டா, சிட்டா பார்ப்பது மாதிரி இங்கே சாத்பாரா, பிராபர்ட்டி கார்டு பார்க்க வேண்டும். சாத்பாராவை அரசு தளத்திலேயே எடுக்கலாம். அதில் எத்தனை பேர் பெயர் இருக்கிறது என்று பாருங்கள், ஒரே துண்டில் பதினைந்து பங்காளி இருப்பார்கள், விற்கிறவர் அதில் ஒருவராக இருப்பார். கடலோர மண்டலத்துக்குள் எங்கே வருகிறது என்று தெரியாமல் ஒரு ரூபாய்கூடக் கொடுக்க வேண்டாம். இன்னொன்றும் கேட்டுக்கொள்கிறேன், மழைக்காலத்தில் போய்ப் பார்த்துக் காலியாக இருக்கிறது என்று வாங்காதீர்கள். அக்டோபரில் ஒரு தடவை போய், அங்கே யார் என்ன செய்கிறார்கள் என்று பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

இந்த வேலையெல்லாம் நடந்துகொண்டிருந்தபோது மாமியார் ஒரு நாள் தன் கதையைச் சொன்னார். சுனாமிக்குப் பிறகு அவர்கள் தெருவில் பல குடும்பங்களுக்குக் கரையிலிருந்து தள்ளி உள்ளே வீடு கட்டிக் கொடுத்தார்கள். கான்கிரீட் வீடு, பட்டா அவர் பெயரிலேயே. அந்தப் பட்டாவை இன்றைக்கும் துணிக்கு நடுவில் வைத்திருக்கிறார். "வீட்டுக்குப் பட்டா தந்தாவ மக்களே. நான் நெத்திலி காயப்போட்ட மணலுக்கு யாரு பட்டா தந்தா? மீன தலையில வச்சு நடந்து நடந்து காலு போச்சு, பொறவு விட்டுட்டேன்" என்றார். இருபது வருடமாக நான் அவர் மருமகள். கருவாடு போடுவதை ஏன் விட்டார் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும். மறுநாள் மாவ்ஷியிடம் இதை மராத்தியில் சொன்னேன். அவர் ஒன்றும் பேசவில்லை. சாயங்காலம் தன் பந்தலில் ஒரு வரிசையைக் காலியாக விட்டு, அது ஆயிக்கு என்றார். ஆயி என்றால் அம்மா. பெண்கள் பட்டியலில் 58-ஆவது பெயராக மாமியாரைச் சேர்க்கச் சொன்னார். நான்தான் வேண்டாம் என்றேன். அவர் ஊரில் ஆறு மாதம் இங்கே ஆறு மாதம் இருக்கிறவர், எங்கள் கணக்கில் ஒரு பொய் இருந்தால் மற்ற 57-ம் பொய்யாகிவிடும். மாவ்ஷிக்கு அது மனசாகவில்லை, ஆனால் ஒத்துக்கொண்டார். வரிசை மட்டும் இன்றைக்கும் ஆயியுடையதுதான்.

இப்போதைய நிலைமை இது. மறுபடி அளக்கச் சொல்லி நாங்கள் கொடுத்த மனுவுக்கு எண் கிடைத்திருக்கிறது. மழை முடிந்து, மீன் தொங்குகிற மாதத்தில் வந்து பாருங்கள் என்று கேட்டிருந்தோம், வருகிறோம் என்று வாயால் சொல்லியிருக்கிறார்கள், எழுத்தில் இன்னும் தரவில்லை. அதனால் பதிவு நிற்காமல் நடக்கிறது. எந்த நாள், யார் எத்தனை கூடை காயவைத்தார், என்ன மீன், எந்த விலைக்குப் போனது, மழையில் எத்தனை கெட்டது என்று தினமும் எழுதுகிறோம். முதலில் நான் எழுதினேன், பிறகு பேத்தி, இப்போது எழுதத் தெரிந்த நான்கு பெண்கள் மாற்றி மாற்றி எழுதுகிறார்கள். எழுதத் தெரியாதவர்கள் தங்கள் வரியில் கட்டைவிரல் ரேகை வைக்கிறார்கள், சில பக்கங்களில் மீன் செதில் ஒட்டிக்கொண்டிருக்கும், அதைத் துடைக்க வேண்டாம் என்று சொல்லியிருக்கிறேன். இரண்டு நோட்டு முடிந்துவிட்டது. போன வாரம் மாலாடில் மூன்றாவது வாங்கப் போனபோது, நூறு பக்கம் போதாது, இருநூறு பக்கமாக, நனைந்தாலும் கிழியாத அட்டை போட்டதாக வாங்கி வா என்று மாவ்ஷி சொல்லி அனுப்பினார்.